தாராளவாதமும் தேசியவாதமும்: ஐரோப்பாவில் ஒரு கூட்டணியின் கதை

இன்றைக்கு ஒருவரை 'லிபரல்', அதாவது தாராளவாதி, என்று சொன்னால், அவர் தேசியவாதத்தைச் சந்தேகக் கண்ணோடு பார்ப்பவர் என்று எடுத்துக்கொள்கிறோம். 'தேசியவாதி' என்றால், தனிமனித உரிமை பேசுகிறவர்களைக் கண்டாலே எரிச்சல்படுகிறவர். 1830களின் ஐரோப்பாவில் போய் இப்படிச் சொல்லியிருந்தால் யாருக்கும் விளங்கியிருக்காது. அன்று இவர்கள் இரண்டு பேரும் பெரும்பாலும் ஒரே ஆள். ஒரே பேச்சுக்காக ஒரே வழக்கில் சிறைக்குப் போனவர்.

1832 மே 27 அன்று ஹம்பாக்கில் நடந்ததைப் பார்க்கலாம். இன்றைய ஜெர்மனியின் தென்மேற்கில், அன்று பவேரிய மன்னரின் ஆட்சிக்கு உட்பட்டிருந்த பகுதி அது. அங்கே ஒரு குன்றின்மேல் பாழடைந்த கோட்டை. அதை நோக்கி இருபதாயிரம் பேருக்கு மேல் ஊர்வலமாக ஏறினார்கள். கையில் கறுப்பு, சிவப்பு, பொன்நிறக் கொடி. அது எந்த அரசின் கொடியும் அல்ல, இனிமேல் பிறக்கப்போகிற ஒரு நாட்டின் கொடி. கூடவே போலந்தின் வெள்ளை, சிவப்புக் கொடியும் பறந்தது. முந்தைய ஆண்டுதான் போலந்துக்காரர்களின் எழுச்சியை ரஷ்ய ஜார் நசுக்கியிருந்தார். அகதிகளாக வந்தவர்களை ஜெர்மானியர்கள் ஊர் ஊராக வரவேற்றார்கள். மேடையேறிய ஸீபன்ஃபைஃபர், விர்ட் இருவரும் பத்திரிகையாளர்கள். பத்திரிகைச் சுதந்திரம் வேண்டும், ஒன்றுபட்ட ஜெர்மனி வேண்டும், குடியரசுகள் கூடிய ஐரோப்பா வேண்டும் என்று பேசினார்கள். கேட்டவர்கள் இவற்றை மூன்று தனிக் கோரிக்கைகளாக எண்ணவில்லை.

ஆனால் அதே பேச்சில் விர்ட் ஓர் எச்சரிக்கையும் விடுத்தார். நம் விடுதலைக்கு பிரான்ஸ் உதவும், ஆனால் விலையாக ரைன் நதியின் இடக்கரையைக் கேட்கும், அதைக் கொடுக்கக் கூடாது என்றார். பிரான்சின் ஸ்ட்ராஸ்பூர்கிலிருந்து விருந்தினராக வந்தவர்களுக்கு அது சுருக்கென்று தைத்தது. அந்த உரசல் அன்று பெரிதாகவில்லை.

இரண்டும் என்ன?

அன்றைய தாராளவாதத்தின் கோரிக்கைகள் எளிமையானவை. எழுதப்பட்ட அரசியல் சட்டம் வேண்டும். வரி போட நாடாளுமன்றத்தின் ஒப்புதல் வேண்டும். பிரபுவுக்கும் கடைக்காரருக்கும் ஒரே சட்டம், ஒரே நீதிமன்றம். தணிக்கை இல்லாத பத்திரிகை. சொத்துக்குப் பாதுகாப்பு, தொழில் செய்யச் சுதந்திரம். இதை ஜனநாயகம் என்று நினைத்துவிடக் கூடாது. 1830 புரட்சிக்குப் பிறகு பிரான்சில் லிபரல்கள் அமைத்த ஆட்சியில், ஆண்டுக்கு 200 பிராங்க் நேரடி வரி கட்டியவருக்குத்தான் ஓட்டு. மூன்று கோடிக்கு மேல் மக்கள் இருந்த நாட்டில் தொடக்கத்தில் ஓட்டுரிமை பெற்றவர்கள் இரண்டு லட்சத்தைத் தொடவில்லை. பெண்கள் கணக்கிலேயே இல்லை. படித்தவனும் பணம் படைத்தவனும் ஆளட்டும், ஆனால் சட்டப்படி ஆளட்டும் என்பதுதான் அவர்களுடைய நிலைப்பாடு.

தேசியவாதம் சொன்னது வேறு. மொழி, வரலாறு, பழக்கவழக்கம் இவற்றால் ஒன்றுபட்டவர்கள் ஒரு தேசம். ஒவ்வொரு தேசத்துக்கும் சொந்த அரசு வேண்டும். அந்நியனும் ஆளக் கூடாது, ஒரே தேசம் முப்பது சமஸ்தானங்களாகச் சிதறிக் கிடக்கவும் கூடாது.

முதலாவது தனி ஆளைப் பற்றியது, இரண்டாவது கூட்டத்தைப் பற்றியது. இவை ஏன் ஒட்டிக்கொண்டன? இந்தக் கேள்விதான் விஷயத்தின் மையம்.

ராஜா போய்விட்டால் அதிகாரம் யாருடையது?

பழைய ஏற்பாட்டில் இதற்குப் பதில் சுலபம். அதிகாரம் கடவுள் கொடுத்தது, ராஜா வைத்திருப்பது. ராஜாவுக்கு அடங்கியவர்கள் எல்லாம் குடிகள். அவர்கள் ஜெர்மன் பேசினாலும் செக் பேசினாலும் அவருக்குக் கவலையில்லை, வரி வந்தால் போதும். தாராளவாதம் அந்த ராஜாவின் கையைக் கட்டியது. அதிகாரம் மக்களிடமிருந்து வருகிறது என்றது. சரி, எந்த மக்கள்? எல்லை எங்கே தொடங்கி எங்கே முடிகிறது? தேர்தல் நடத்துவதற்கு முன்பே இதற்கு விடை வேண்டும். தாராளவாதத்தின் சொந்தச் சரக்கில் அந்த விடை கிடையாது. தேசியவாதம்தான் அதைக் கொண்டுவந்து கொடுத்தது.

பிரெஞ்சுப் புரட்சியில் இரண்டும் ஒரே தாளில் எழுதப்பட்டன. 1789 ஆகஸ்ட் 26 அன்று நிறைவேறிய மனித உரிமைப் பிரகடனத்தின் முதல் பிரிவு, மனிதர்கள் சுதந்திரமாகவும் சம உரிமையோடும் பிறக்கிறார்கள் என்கிறது. மூன்றாம் பிரிவு, இறையாண்மை தேசத்தில் உறைகிறது என்கிறது. அதன் உள்முரணும் சீக்கிரமே தெரிந்தது. 1790 ஜனவரியில் சட்டங்களை நாட்டிலுள்ள பல மொழிகளில் மொழிபெயர்க்க முடிவு செய்தார்கள். குடிமகன் தன் உரிமையைத் தன் மொழியில் படிக்கட்டும் என்ற எண்ணம். நான்கே ஆண்டில் காற்று திசை மாறியது. 1794இல் பாதிரியார் கிரேகுவார் ஓர் அறிக்கை வைத்தார். அவர் கணக்குப்படி நாட்டில் பிரெஞ்சைச் சரியாகப் பேசக்கூடியவர்கள் சுமார் முப்பது லட்சம் பேர்தான். அதற்கு அவர் சொன்ன தீர்வு, வட்டார மொழிகளை ஒழித்து எல்லோரையும் பிரெஞ்சு பேச வைப்பது. கிரேகுவார் கொடுங்கோலர் அல்ல. யூதர்களுக்கும் அடிமைகளுக்கும் உரிமை கேட்டு வாதாடியவர். சம உரிமை வேண்டுமென்றால் பொது மொழி வேண்டும் என்று மனதார நம்பினார். அதனால்தான் இந்த வரலாற்றை நல்லவர், கெட்டவர் என்று பிரித்துப் படிக்க முடிவதில்லை.

பிறகு நெப்போலியன் வந்தார். ஒரு கையில் பிரபுக்களின் சலுகையை ஒழித்த சட்டத்தொகுப்பு, மறு கையில் பிரெஞ்சுப் படை. சட்டத்தை விரும்பியவர்களும் படையை வெறுத்தார்கள். ஸ்பெயினில் இது வேடிக்கையான உருவம் எடுத்தது. பிரெஞ்சுப் படை காடிஸ் துறைமுகத்தை முற்றுகையிட்டிருக்க, உள்ளே கூடிய பிரதிநிதிகள் 1812 மார்ச்சில் ஓர் அரசியல் சட்டம் எழுதினார்கள். அதன் கருத்துகளில் பல பிரான்சிலிருந்து வந்தவைதான். அங்கே சீர்திருத்தம் கேட்ட அணிக்குத்தான் முதன்முதலாக 'லிபரல்கள்' என்ற கட்சிப் பெயர் விழுந்தது.

பொது எதிரி

1814இல் நெப்போலியன் வீழ்ந்ததும் வியன்னாவில் கூடிய அரசர்களும் அமைச்சர்களும் பழைய ஒழுங்கை மீட்டெடுத்தார்கள். அதன் மூளை ஆஸ்திரிய அமைச்சர் மெட்டர்னிக். அவருக்கு அரசியல் சட்டமும் ஆபத்து, தேசமும் ஆபத்து. பத்துப் பதினொரு மொழி பேசும் மக்களை ஒரு பேரரசர் ஆண்ட இடத்தில் 'தேசத்துக்கொரு அரசு' என்பது பேரரசுக்கே வைக்கும் வேட்டு. 1819இல் ஒரு மாணவன் பிற்போக்கு எழுத்தாளர் ஒருவரைக் குத்திக் கொன்றதைச் சாக்காக வைத்து கார்ல்ஸ்பாட் ஆணைகள் வந்தன. பத்திரிகைகளுக்கு முன்தணிக்கை, மாணவர் சங்கங்களுக்குத் தடை, பேராசிரியர்கள்மீது கண்காணிப்பு. லிபரலையும் தேசியவாதியையும் ஒரே வலையில் பிடித்தார் மெட்டர்னிக். அவர்களை ஒன்றாக்கியதில் அவர் பங்கு எந்தத் தத்துவ ஆசிரியருடையதையும்விடப் பெரிது என்பேன்.

வணிகர்களுக்கு வேறு வகையில் இது விளங்கியது. 1819இல் பொருளியலாளர் பிரீட்ரிக் லிஸ்ட் எழுதிய மனுவில் ஒரு கணக்கு வருகிறது. ஜெர்மனிக்குள் 38 சுங்க எல்லைகள். பெர்லினிலிருந்து சுவிட்சர்லாந்துக்குச் சரக்கு அனுப்ப பத்து அரசுகளைக் கடக்க வேண்டும், பத்து வகைச் சுங்க விதிகளைப் படிக்க வேண்டும், பத்து முறை தீர்வை கட்ட வேண்டும். தடையற்ற வியாபாரம் கேட்ட தாராளவாதிக்கு ஒன்றுபட்ட நாடு வெறும் உணர்ச்சி விவகாரம் அல்ல, கணக்குப் புத்தக விவகாரம்.

இந்தக் கூட்டணியின் முகம் ஜெனோவாக்காரர் மாஜினி. 1831இல் நாடுகடந்த நிலையில் 'இளம் இத்தாலி' இயக்கத்தைத் தொடங்கினார். 1834இல் ஜெர்மானியர்களையும் போலந்துக்காரர்களையும் சேர்த்து சுவிட்சர்லாந்தின் பெர்ன் நகரில் 'இளம் ஐரோப்பா'. ஒவ்வொரு தேசமும் விடுதலை பெற்றால் தேசங்களுக்குள் சண்டைக்கே காரணம் இருக்காது என்பது அவருடைய உறுதியான நம்பிக்கை. இளம் இத்தாலியில் சேரும்போது எடுத்த பிரமாணத்தை நம் பாரதியார் 'மாஜினியின் சபதம்' என்று பாடியிருக்கிறார். அடிமை நாட்டிலிருந்து பார்த்தவருக்கு அதன் சூடு நன்றாகவே தெரிந்திருக்கிறது. மாஜினியின் கணக்கில் ஒரு ஓட்டை மட்டும் இருந்தது. இரண்டு தேசங்கள் ஒரே மண்ணைக் கேட்டால் என்ன செய்வது?

1848: தொகுதிப் பங்கீடு

எதிரி வீழ்கிற வரை கூட்டணிக்குள் சிக்கல் வராது, சிக்கல் தொகுதிப் பங்கீட்டில்தான் வரும். நமக்குத் தெரியாததா? 1848 மார்ச்சில் வியன்னாவில் எழுச்சி வெடித்தது, மெட்டர்னிக் பதவி விலகி லண்டனுக்கு ஓடினார். பங்கீடு தொடங்கியது.

ஒரே ஒரு மாகாணத்தை மட்டும் கிட்டத்தில் பார்க்கலாம். போசன். அண்டை அரசுகள் போலந்தைப் பங்கு போட்டபோது, பெர்லினைத் தலைநகராகக் கொண்ட ஜெர்மன் அரசான பிரஷ்யாவுக்குக் கிடைத்த பகுதி. பெரும்பான்மை போலந்துக்காரர்கள், கணிசமான சிறுபான்மை ஜெர்மானியர்கள். மார்ச் 20 அன்று பெர்லின் மோவாபிட் சிறையிலிருந்து போலந்துப் புரட்சியாளர்களை விடுவித்தார்கள். கூட்டம் அவர்களை வண்டியில் ஏற்றித் தானே இழுத்துக்கொண்டு ஊர்வலம் போனது. அவர்களின் தலைவர் மியரோஸ்லாவ்ஸ்கி கையில் பிடித்திருந்தது ஜெர்மானியரின் கறுப்பு, சிவப்பு, பொன்நிறக் கொடி. ஏப்ரல் தொடக்கத்தில் பிராங்பர்ட்டில் கூடிய முன்னோடி அவை, போலந்தைப் பிரித்தது வெட்கக்கேடான அநீதி என்றும் அதை மீட்டெடுப்பது ஜெர்மானியரின் கடமை என்றும் தீர்மானம் போட்டது.

மே 18 அன்று பிராங்பர்ட்டின் புனித பவுல் தேவாலயத்தில் முதல் அனைத்து ஜெர்மன் நாடாளுமன்றம் கூடியது. வழக்கறிஞர்கள், நீதிபதிகள், அரசு அதிகாரிகள், பேராசிரியர்கள். அந்தத் தலைமுறையின் படித்த லிபரல்கள் எல்லோரும் அங்கே இருந்தார்கள். போசனை ஜெர்மனியோடு சேர்ப்பதா என்ற விவாதம் ஜூலை 24இல் தொடங்கியது. கிழக்குப் பிரஷ்யாவிலிருந்து வந்த வில்ஹெல்ம் யோர்டான் எழுந்தார். கவிஞர். அதைவிட முக்கியம், உட்கார்ந்திருந்தது இடதுசாரி வரிசையில். அரை மில்லியன் ஜெர்மானியர்களைப் பண்பாட்டில் தாழ்ந்த ஒரு மக்களின் கீழ் அந்நியராக வாழ விடுவதா என்று கேட்டார். போலந்துக்காக உருகியது போதும், ஆரோக்கியமான தேசியத் தன்னலம் நமக்கு வர வேண்டிய நேரம் இது என்றார். லைப்ஸிக்கைச் சேர்ந்த ராபர்ட் புளூம் எதிர்த்து வாதாடினார். நமக்கு நியாயமாகத் தெரிவது போலந்துக்காரனுக்கு மட்டும் எப்படிப் பொருந்தாமல் போகும் என்பதுதான் அவர் வாதத்தின் சாரம். ஜூலை 27 அன்று வாக்கெடுப்பு. போசனின் பெரும்பகுதியை இணைக்க ஆதரவு 342, எதிர்ப்பு 31.

மார்ச்சுக்கும் ஜூலைக்கும் நடுவில் இருப்பது நான்கு மாதம். பொய் சொல்லி ஊரை ஏமாற்றியவர்கள் என்று இவர்களைத் தள்ளிவிட எனக்கு மனம் வரவில்லை. போலந்து ஒரு லட்சியமாக இருந்தவரை ஆதரிப்பது சுலபம். வரைபடத்தில் கோடு போட வேண்டிய நாள் வந்தபோது, 'மக்கள்' என்றால் யார் என்ற பழைய கேள்விக்குப் பதில் சொல்லியாக வேண்டியிருந்தது. அவர்கள் சொன்னார்கள்: நம் மக்கள். இதே நாடாளுமன்றம் 1849இல் இயற்றிய அரசியல் சட்டத்தின் 188ஆம் பிரிவு, ஜெர்மன் பேசாத மக்களுக்குப் பள்ளியிலும் நீதிமன்றத்திலும் உள்ளாட்சியிலும் அவரவர் மொழிக்குச் சம உரிமை தந்தது. மொழி உரிமை தரத் தயார், மண்ணைத் தரத் தயாரில்லை.

பிராகாவில் இன்னொரு பக்கம். செக் வரலாற்றாசிரியர் பலாட்ஸ்கிக்கு பிராங்பர்ட்டிலிருந்து அழைப்பு வந்தது. நான் ஜெர்மானியன் அல்ல, ஸ்லாவ் வழிவந்தவன் என்று ஏப்ரல் 11 தேதியிட்ட கடிதத்தில் மறுத்தார். ஆஸ்திரியப் பேரரசு என்று ஒன்று இல்லாவிட்டால் அதை உருவாக்க வேண்டியிருந்திருக்கும் என்றும் எழுதினார். அவரும் லிபரல்தான். ஆனால் சிறிய மக்களுக்கு, சுதந்திரம் பேசும் பெரிய தேசத்தைவிடப் பலமொழிப் பேரரசு பாதுகாப்பாகத் தெரிந்தது.

ஆஸ்திரியப் பேரரசருக்கு உட்பட்டிருந்த ஹங்கேரியில் இது ரத்தத்தில் முடிந்தது. லயோஷ் கொஷூத் தலைமையில் வந்த ஏப்ரல் சட்டங்கள் பண்ணை அடிமைமுறையை ஒழித்தன, சட்டத்தின் முன் சமத்துவம் தந்தன. ஆனால் நாடாளுமன்ற உறுப்பினராக மகியார் மொழி, அதாவது ஹங்கேரிய மொழி, தெரிந்திருக்க வேண்டும். நாட்டில் மகியார்கள் பாதிக்கும் குறைவு. குரோஷியர், செர்பியர், ருமேனியர், ஸ்லோவாக் என்று மற்றவர்கள். கொஷூத்தின் வாதத்தைக் கேட்டால் தர்க்கம் சரியாகவே இருக்கும். ஒவ்வொரு குடிமகனுக்கும் ஒரே உரிமை கொடுத்துவிட்டோம், அதற்குமேல் கூட்டமாகத் தனியுரிமை எதற்கு? மற்றவர்கள் கேட்டது, அந்தப் பொது வீட்டின் மொழி ஏன் உங்கள் மொழியாக மட்டும் இருக்க வேண்டும் என்று. தனிமனித உரிமைக்கும் குழு உரிமைக்கும் இடையே இன்றுவரை ஓயாத வழக்கு இதுதான். பேரரசர் தரப்பு வாய்ப்பை விடவில்லை. செப்டம்பர் 11 அன்று யெலாச்சிச் தலைமையில் குரோஷியப் படை எல்லை தாண்டியது. மறு ஆண்டு ஜார் படையும் வந்தது. தோல்வி நெருங்கிய பிறகுதான், 1849 ஜூலை 28 அன்று, ஹங்கேரிய நாடாளுமன்றம் மற்ற மொழியினருக்கு உரிமை தரும் சட்டம் போட்டது. ஹங்கேரியப் படை சரணடைய அப்போது பதினாறு நாள்தான் பாக்கி.

பிராங்பர்ட் அவையும் பிழைக்கவில்லை. அவர்கள் நீட்டிய மகுடத்தை பிரஷ்ய மன்னர் மறுத்தார். ராபர்ட் புளூம் 1848 நவம்பரில் வியன்னாவில் சுட்டுக் கொல்லப்பட்டார்.

இரண்டு பதில்கள்

தோல்விக்குப் பிறகு சிந்தனையாளர்கள் உட்கார்ந்து யோசித்தார்கள். 1861இல் ஜான் ஸ்டூவர்ட் மில், பல தேசியங்கள் கலந்த நாட்டில் சுதந்திரமான ஆட்சிமுறை நிலைப்பது ஏறக்குறைய நடக்காத காரியம் என்று எழுதினார். ஒருவர் பத்திரிகையை மற்றவர் படிக்க முடியாத இடத்தில் பொதுக்கருத்து எப்படி உருவாகும்? ஆகவே தேச எல்லையும் அரசின் எல்லையும் ஒத்துப்போவது நல்லது. மறு ஆண்டே ஆக்டன் பிரபு நேர் எதிராக எழுதினார். ஒரே தேசம் உள்ள அரசில் பெரும்பான்மையைத் தடுக்க ஆளே இருக்காது, பல தேசங்கள் ஒரே அரசில் வாழ்வதே சுதந்திரத்தின் உரைகல் என்றார். இருவரும் தாராளவாதிகள் என்பதைக் கவனிக்க வேண்டும். மில்லின் வாதம் வலுவானது, ஆனால் பிரெத்தோன் மக்களும் பாஸ்க் மக்களும் பெரிய பிரெஞ்சுப் பண்பாட்டில் கரைவது அவர்களுக்கே நல்லது என்று அவர் சேர்த்துச் சொல்கிற இடத்தில் அதன் விலையும் தெரிகிறது.

பிஸ்மார்க்கின் பேரம்

இத்தாலியை விரைவாகச் சொல்லிவிடலாம். அங்கே வடக்கிலிருந்த பியட்மான்ட் அரசின் லிபரல் முதலமைச்சர் கவூர் 1861இல் ஒற்றுமையைச் சாதித்தார், அரசியல் சட்டமும் நிலைத்தது. ஆனால் புதிய அரசில் ஓட்டுரிமை மக்கள்தொகையில் சுமார் இரண்டு சதவீதத்தினருக்கு மட்டுமே. தெற்கே கலகம் வெடித்தபோது 1863இல் ராணுவ நீதிமன்றங்கள் வந்தன.

ஜெர்மனியில்தான் பேரம் கண்முன்னே நடந்தது. பிரஷ்ய நாடாளுமன்றத்தில் லிபரல்களுக்குப் பெரும்பான்மை. ராணுவச் சீர்திருத்தத்துக்குப் பணம் ஒதுக்க மறுத்தார்கள். 1862இல் முதலமைச்சராக வந்த பிஸ்மார்க், பெரிய பிரச்சினைகள் பேச்சாலும் பெரும்பான்மைத் தீர்மானத்தாலும் தீர்வதில்லை, அது 1848இன் தவறு, இரும்பாலும் ரத்தத்தாலும்தான் தீரும் என்றார். பட்ஜெட் ஒப்புதல் இல்லாமலேயே நான்கு ஆண்டுகள் வரி வசூலித்து ஆட்சி நடத்தினார். லிபரல் கோட்பாட்டில் இதைவிடப் பெரிய குற்றம் இல்லை.

1866 ஜூலை 3 அன்று கோனிக்ரேட்ஸ் போர்க்களத்தில் பிரஷ்யா ஆஸ்திரியாவை வென்றது. லிபரல்கள் ஒரு தலைமுறையாகக் கேட்ட ஒற்றுமை கைக்கெட்டும் தூரத்தில். செப்டம்பரில் பிஸ்மார்க் ஒரு மசோதா கொண்டுவந்தார். நான்கு ஆண்டுகளாகச் சட்டத்துக்குப் புறம்பாகச் செய்த செலவுக்குப் பின்னோக்கி ஒப்புதல் தாருங்கள். ஆதரவு 230, எதிர்ப்பு 75. ஆதரித்தவர்களில் பலர் அவரை நேற்றுவரை திட்டியவர்கள். சுதந்திரம் இல்லாத ஒற்றுமை அடிமைகளின் ஒற்றுமை என்று கோனிக்ஸ்பெர்க் மருத்துவர் யோஹான் யாகோபி எச்சரித்தார். 1870இல் பிரான்சின் அல்சாஸ், லொரைன் பகுதிகளை இணைப்பதை எதிர்த்துப் பேசியதற்காக அவரைக் கைதும் செய்தார்கள்.

விலைபோய்விட்டார்கள் என்று பாடப்புத்தகம் சொல்லும். நான் அவ்வளவு சீக்கிரம் சொல்ல மாட்டேன். பிரிந்து வந்து தேசிய லிபரல் கட்சி அமைத்தவர்கள் கைநிறையப் பெற்றார்கள். நாடு முழுக்க எங்கும் போய் வாழும் உரிமை, தொழில் சுதந்திரம், 1869இல் மத வேறுபாடு இல்லாத குடியுரிமை, ஒரே நாணயம். பெறாதது ஒன்றுதான்: அமைச்சரவை நாடாளுமன்றத்துக்குப் பொறுப்பு என்ற விதி. கழுத்தைப் பிடிக்கும் அந்த ஒரு விதி இல்லாமல் மற்றதெல்லாம் ஆட்சியாளர் மனம் வைக்கும்வரைதான்.

பிரான்சில் வேறு வழியாக இதே பிரிவு வந்தது. 1894இல் யூத ராணுவ அதிகாரி டிரைஃபஸ் செய்யாத குற்றத்துக்குத் தண்டிக்கப்பட்டார். தனி மனிதனின் நீதியா, தேசத்தின் படையின் மானமா என்று நாடே இரண்டுபட்டபோது, 1789இல் புரட்சியின் முழக்கமாக இருந்த 'தேசம்' வலதுசாரிகளின் கையில் இருந்தது.

ஜெர்மனியில் கடைசியாக ஒரு சட்டம். 1908 ஏப்ரலில் வந்த சங்கங்கள் சட்டம். லிபரல்கள் நெடுநாள் கேட்டது. சங்கம் சேரவும் கூட்டம் கூடவும் நாடு முழுக்க ஒரே விதி. பிரஷ்யாவில் 1850 முதல் அரசியல் சங்கங்களில் சேரத் தடைபட்டிருந்த பெண்களுக்கு வழி திறந்தது. அதே சட்டத்தின் 12ஆம் பிரிவு, பொதுக்கூட்டங்கள் ஜெர்மன் மொழியில்தான் நடக்க வேண்டும் என்றது. வேற்றுமொழியினர் அறுபது சதவீதத்துக்கு மேல் இருக்கும் மாவட்டங்களுக்கு இருபது ஆண்டு விலக்கு. ரூர் நிலக்கரிச் சுரங்கங்களில் வேலைபார்த்த போலந்துத் தொழிலாளர்களுக்கு அந்த விலக்கும் இல்லை. சுதந்திரம் வேண்டுமா, இந்தப் பிரிவோடு எடுத்துக்கொள்ளுங்கள் என்றது அரசு. இடதுசாரி லிபரல்களும் சேர்ந்தே ஆதரவாக ஓட்டுப் போட்டார்கள். தியோடர் பார்ட், ஹெல்முட் ஃபான் கெர்லாக் போன்ற சிலர் மட்டும் கட்சியை விட்டு வெளியேறித் தனிக் கட்சி தொடங்கினார்கள். 1912 தேர்தலில் அதற்கு ஓர் இடம்கூடக் கிடைக்கவில்லை.